பத்து நிமிடம் முந்தி ஓடிய ஆஸ்பத்திரி

என் தம்பிக்குக் கோபம் வராது. அவன் பங்குக்கும் சேர்த்து எனக்குத்தான் வந்து தொலைக்கிறது. ஒரே வயிற்றில் பிறந்தவர்கள்தான், பங்கு பிரிக்கும்போது எங்கேயோ இடித்துவிட்டது.

"அனுசரிச்சுப் போங்க" என்பதுதான் எங்கள் அம்மா வாயைத் திறந்தால் வருகிற வார்த்தை. நான் இந்தக் காதில் வாங்கி அந்தக் காதில் விட்டேன். அவன் அப்படியே விழுங்கிவிட்டான். எங்கள் அப்பாவும் சித்தப்பாவும் ஒரே வீட்டில் இருந்துகொண்டே வருஷக்கணக்காகப் பேசாமலிருந்தவர்கள். அப்பா சுவரைப் பார்த்து, "தண்ணி மோட்டார யாரோ அணைக்காம விட்டிருக்காங்க" என்பார். சித்தப்பா ஜன்னலைப் பார்த்து, "போட்டவங்க அணைக்கட்டும்" என்பார். இவன் சாப்பாட்டுத் தட்டிலிருந்து எழுந்துபோய் அணைத்துவிட்டு வருவான். "ஏண்டா, உனக்கென்ன தலையெழுத்தா?" என்று கேட்டால், "விடுக்கா, மோட்டார் பாவம்" என்பான்.

இப்படி வளர்ந்தவன் வேறு என்ன வேலைக்குப் போவான்? ஒன்றோடொன்று பேசாத கம்ப்யூட்டர்களைப் பேச வைக்கிற வேலைக்குத்தான் போனான். போன இடம் நான் ஹெட் நர்ஸாக இருக்கும் ஆஸ்பத்திரி. சிபாரிசு செய்தது நானேதான், அதை நினைத்தால் இன்றைக்கும் வயிறு எரிகிறது.

அந்த ஆஸ்பத்திரியில் மூன்று ஜாதி மெஷின்கள் இருந்தன. ரிசப்ஷனிலும் மருந்துக் கடையிலும் விண்டோஸ். டாக்டர்கள் அறைகளில் மேக். அது முதலாளியின் மாப்பிள்ளை வாங்கிப்போட்டது. மாமனார் வைத்த ஆஸ்பத்திரிக்கு அவர்தான் மேனேஜர். வெள்ளை மேஜைக்கு வெள்ளிக் கலர் எடுப்பாக இருக்குமாம், காரணம் அவ்வளவுதான். வார்டுகளுக்கு வந்தது ரிசப்ஷனில் கழித்துப்போட்ட பழைய பெட்டிகள். புது விண்டோஸைப் போட்டால் அவற்றுக்கு மூச்சு வாங்கியது. அதனால் தம்பி அவற்றில் லினக்ஸைப் போட்டான். காசு கேட்காது, லேசானது, கிழட்டுப் பெட்டியிலும் நடமாடும்.

மூன்றும் தனித்தனியாக நல்லவைதான். ஓர்ப்படிகள் மூன்று பேரை ஒரே அடுப்படியில் விட்டால்தானே சங்கதி தெரியும்? டாக்டர் மேக்கில் போட்ட ஃபைல் வார்டில் திறக்காது. வார்டிலிருந்து பிரிண்ட் கொடுத்தால் மெஷின் வெறும் காகிதமாகத் துப்பும். ஒரு நர்ஸுக்கு மூன்று பாஸ்வேர்டு. அதை மறக்காமலிருக்க உள்ளங்கையில் பேனாவால் எழுதிக்கொண்டு திரிந்தோம், கை கழுவினால் போச்சு.

மாடிப்படிக்கு அடியில், முன்பு சலவை விரிப்புகளை அடுக்கிவைத்திருந்த அறையில், தம்பி ஒரு சர்வரை நிறுத்தினான். யார் எந்த மெஷினில் உட்கார்ந்தாலும் "இவர் நம்ம ஆள்தான், உள்ள விடு" என்று அந்த சர்வர் சொல்ல வேண்டும். ஒரே பாஸ்வேர்டு, எல்லாக் கதவும் திறக்கும். அதற்கு மாதக்கணக்கில் உழைத்தான். மத்தியானம் நான் சாப்பாட்டு டப்பாவைக் கொண்டுபோனால் மேஜைக்கடியில் இரண்டு கால் மட்டும் தெரியும். சோப்பு வாசனையும் மெஷின் சூடும் கலந்து குமட்டும். "வேர்த்துக் கொட்டுதேடா, ஒரு ஃபேன் கேட்டு வாங்கேன்" என்பேன். "கேட்டிருக்கேன்க்கா" என்பான். எனக்குத் தெரியும், கேட்டிருக்க மாட்டான்.

மாப்பிள்ளை அவனை "வயரு" என்றுதான் கூப்பிடுவார். "ஏ வயரு, மேல வா." இவனும் துடைத்துக்கொண்டு ஓடுவான். பெற்றவர்கள் வைத்த பெயர் ஒன்று இருக்கிறது என்பதே அந்த ஆளுக்குத் தெரியாது. ஒரு நாள் நான் நேரிலேயே கேட்டுவிட்டேன், "சார், அவனுக்குப் பேர் இருக்கு" என்று. சிரித்தார். தம்பி அன்று சாயங்காலம் என்னிடம், "எதுக்குக்கா வம்பு, வயர்தானே நான் இழுக்கறேன்" என்றான். குட்டக் குட்டக் குனிகிறவனும் மடையன் என்று சும்மாவா சொன்னார்கள்?

முதலாளியைப் பெரிய டாக்டர் என்போம். அவருக்கு ஒரு பழக்கம். ஆஸ்பத்திரியில் மாட்டியிருக்கிற அத்தனை சுவர்க் கடிகாரத்தையும் பத்து நிமிடம் முந்தி வைத்திருப்பார். அப்போதுதான் ஊழியர்களுக்கு ஒழுக்கம் வருமாம். காலையில் நாங்கள் சுவரைப் பார்த்து ஓடி வர வேண்டும். சாயங்காலம் நாங்கள் கிளம்பும்போது மட்டும் அவர் தன் கைக்கடிகாரத்தைப் பார்ப்பார், அது சரியான நேரத்தில் ஓடும். என்ன ஒரு ஒழுக்கம்! வேலைக்குச் சேர்ந்த முதல் வாரத்திலேயே எல்லாரும் மனசுக்குள் பத்தைக் கழித்துக்கொள்ளப் பழகிவிடுவோம். யாரும் அதை ஒரு பெரிய விஷயமாக நினைத்ததேயில்லை.

ரிசப்ஷன் கம்ப்யூட்டரில் வருகைப் பதிவு வந்த பிறகுதான் வினை. லிஃப்ட் ஓட்டுகிறவர், "சுவர் சொல்றபடி லேட்டு, கம்ப்யூட்டர் சொல்றபடி கரெக்ட்டு, எது சார் நிஜம்?" என்று கேட்டுவிட்டார். பெரிய டாக்டர் முகம் சிவந்துபோய்த் தம்பியைக் கூப்பிட்டனுப்பினார். சுவரும் கம்ப்யூட்டரும் ஒரே நேரம் காட்ட வேண்டும், உடனே, என்றார். இவன், "சார், ஆஸ்பத்திரி மெஷின்ல நேரத்த மாத்தி வெக்கறது நல்லதில்ல" என்று ஒரு தடவை சொல்லியிருக்கிறான். அவர் முறைத்திருக்கிறார். "சரிங்க சார்" என்று வந்துவிட்டான்.

சர்வரைப் பத்து நிமிடம் முந்தி வைத்தான். ரிசப்ஷன் விண்டோஸும் டாக்டர்களின் மேக்கும் சர்வரைப் பார்த்து மாறிக்கொண்டன. வார்டு லினக்ஸ் பெட்டிகளுக்கு வந்தபோது நான் குறுக்கே நின்றேன். "அந்தத் திருட்டு நேரத்த என் வார்டுக்குள்ள கொண்டு வராத. நான் மணி பாத்து மருந்து குடுக்கறவ. எனக்கு நிஜ நேரம்தான் வேணும்." இன்றைக்கும் சொல்வேன், நான் கேட்டது நியாயம்தான்.

"சரிக்கா" என்றான். அங்கேயும் சரி, இங்கேயும் சரி.

மறுநாள் ஒரு வார்டு மெஷினும் உள்ளே விடவில்லை. பாஸ்வேர்டு சரி, ஆள் சரி, கதவு திறக்கவில்லை. இந்த மாதிரி சர்வருக்கு ஒரு விதி இருக்கிறதாம். வந்து நிற்கிற மெஷினின் நேரமும் தன் நேரமும் ஐந்து நிமிடத்துக்கு மேல் வித்தியாசப்பட்டால், யாரோ பழைய அனுமதியைத் திருடி வந்து நீட்டுகிறான் என்று சந்தேகப்படும். சந்தேகப்பட்டால் விரட்டிவிடும். அந்த மெஷினுக்கு இருந்த புத்தி அங்கே ஒரு மனுஷனுக்கும் இல்லை.

தம்பி என்ன செய்தான் தெரியுமா? பெரிய டாக்டரிடம் போய் நேரத்தைத் திருத்துங்கள் என்று சொல்லவில்லை. என்னிடம் வந்து விட்டுக்கொடு என்றும் சொல்லவில்லை. சர்வரிடம் போய், ஐந்து நிமிடத்துக்குப் பதில் கால் மணி நேரம் வரை பொறுத்துக்கொள் என்று விதியைத் தளர்த்திவிட்டான். மெஷினையே அனுசரித்துப் போகச் சொல்லிவிட்டான். எல்லாம் ஓடியது. மாப்பிள்ளைகூட "பரவால்ல வயரு" என்றார்.

அப்படியே பல மாதம் ஓடியது. பிறகு அந்த ஊசி வந்தது.

கால் எலும்பு முறிந்து ஆபரேஷன் ஆன லாரி டிரைவர் ஒருவர், முதல் கட்டில். வலியில் பல்லைக் கடித்துக்கொண்டு கிடந்தார். வார்டு டியூட்டியிலிருந்த இளம் டாக்டர், நாங்கள் சின்ன டாக்டர் என்போம், வந்து பார்த்துவிட்டு, தன் அறைக்குப் போய் மேக்கில் வலி ஊசிக்கு உத்தரவு போட்டார். அது என் வார்டுத் திரையில் வந்தது. மருந்தைப் பார்த்தேன், அளவைப் பார்த்தேன், ஆளைப் பார்த்தேன், போட்டேன். போட்டதைப் பதிவு செய்தேன். உத்தரவு எத்தனை மணிக்கு என்று பொடி எழுத்தில் ஓரத்தில் இருந்ததை யார் பார்த்தது? மனுஷன் அங்கே துடிக்கிறார்.

அந்த மருந்து அவருக்கு ஒத்துக்கொள்ளவில்லை. உடம்பெல்லாம் தடித்து, உதடு வீங்கி, மூச்சுத் திணறியது. நான்தான் ஓடி டாக்டரைக் கூட்டி வந்தேன், நான்தான் மாற்று மருந்து போட்டேன், சாயங்காலம் அவர் எழுந்து உட்கார்ந்து தண்ணீர் கேட்டார். யாருக்கும் முன்கூட்டித் தெரிந்திருக்க முடியாத விஷயம். ஆனால் அவர் மனைவியின் அண்ணன் புகார் கொடுத்துவிட்டார். அதுவும் நியாயம், எனக்கு ஓர் அண்ணன் இருந்திருந்தால் அவனும் கொடுத்திருப்பான்.

மாப்பிள்ளை என்னைக் கூப்பிட்டு இரண்டு காகிதத்தை மேஜையில் போட்டார். ஒன்று டாக்டரின் மேக் சொல்வது, உத்தரவு பதினொன்று இருபதுக்கு. இன்னொன்று என் வார்டு லினக்ஸ் சொல்வது, ஊசி பதினொன்று பதினான்குக்கு.

"டாக்டர் சொல்றதுக்கு ஆறு நிமிஷம் முன்னாடியே ஊசி போட்டுட்டீங்களேம்மா. உங்களுக்கே தோணிச்சா?"

"சார், திரையில உத்தரவு வந்த பிறகுதான் போட்டேன்."

"கம்ப்யூட்டர் பொய் சொல்லுமா?"

சுவரைப் பார்த்தால் பத்தைக் கழிக்கத் தெரிந்த எனக்கு, காகிதத்தைப் பார்த்தபோது கழிக்கத் தோன்றவில்லை. அந்த ஆளுக்கும் தோன்றவில்லை. அச்சில் வந்துவிட்டால் வேதம்!

"நாளைக்குக் காலைல சார் ரூம்ல விசாரணை. அதுவரைக்கும் வார்டுப் பக்கம் போகாதீங்க. நர்ஸுங்க லைசன்ஸ் பாக்கறவங்களுக்கும் எழுத வேண்டியிருக்கும்" என்றார்.

அதற்கு என்ன அர்த்தம் என்று எனக்குத் தெரியும். உத்தரவில்லாமல் ஊசி போட்டவள் என்று ஒரு முறை எழுதிவிட்டால், எந்த ஆஸ்பத்திரியும் என்னை வாசற்படி ஏற்றாது. என் அரை ஆயுசை நான் அந்த வார்டுகளில்தான் கழித்திருக்கிறேன். எனக்கு வேறு வேலை தெரியாது.

நேராக மாடிப்படிக்கு அடியில் போனேன். நான் சொல்லி முடிப்பதற்குள் தம்பியின் முகம் வெளுத்துவிட்டது.

"அக்கா, டாக்டர் மெஷின் பத்து நிமிஷம் முன்னாடி ஓடுதுக்கா. அவர் நிஜமா போட்டது பதினொண்ணு பத்துக்கு. நீ நாலு நிமிஷம் கழிச்சுத்தான் ஊசி போட்டிருக்க."

எனக்கு வந்ததே கோபம்! பெரிய டாக்டர் மேல், மாப்பிள்ளை மேல், எல்லாவற்றுக்கும் மேலாக எதிரே நின்ற இவன் மேல். "ஏண்டா, அன்னிக்கே அந்த ஆள்கிட்ட முடியாதுன்னு ஒரு வார்த்தை சொல்லியிருந்தா இன்னிக்கு நான் கொலைகாரி மாதிரி நிப்பேனா? மெஷினே முடியாதுன்னு சொல்லிச்சேடா! அது வாயையும் நீதானே அடைச்ச!"

தலையைக் குனிந்துகொண்டு நின்றான். பிறகு, "நான் பாத்துக்கறேன்க்கா" என்றான்.

"கிழிச்ச" என்றேன்.

காலையில் பெரிய டாக்டர் அறை. அவர் மேஜைக்குப் பின்னால், மாப்பிள்ளை பக்கத்தில், சின்ன டாக்டர் ஓரத்தில் இடித்த புளி மாதிரி. தான்தான் உத்தரவு போட்டது என்று அவருக்குத் தெரியும், நான் அதைப் பார்த்துத்தான் போட்டேன் என்றும் தெரியும். கேட்டபோது, "எத்தன மணின்னு ஞாபகம் இல்ல சார், கம்ப்யூட்டர்ல என்ன இருக்கோ அதான்" என்று ஷூவைப் பார்த்துச் சொன்னார். எனக்கு மகன் வயது. ராத்திரி டியூட்டியில் எத்தனை முறை அவருக்கு நான் டீ போட்டுக் கொடுத்திருப்பேன். பாழாய்ப்போன டீ.

தம்பி உள்ளே வந்தான். சட்டையைத் தேய்த்துப் போட்டிருந்தான்.

"சார், அக்கா மேல எந்தத் தப்பும் இல்ல. டாக்டர் மெஷினும் வார்டு மெஷினும் வேற வேற நேரத்துல ஓடுது. உத்தரவு முதல்ல வந்தது, ஊசி பிறகுதான். நேரத்த அப்படி வெச்சது நான். தப்பு என்னோடது."

பெரிய டாக்டர் நாற்காலியில் சாய்ந்தார். அவர் முகத்தில் தெரிந்த நிம்மதி இருக்கிறதே, அதை நான் சாகும்வரை மறக்க மாட்டேன். தான் சொல்லித்தான் நேரம் மாறியது என்பது அவருக்கு அந்த நொடியே விளங்கிவிட்டது. இவன் அதைச் சொல்லப்போவதில்லை என்பதும் விளங்கிவிட்டது.

"பாத்தியா, எவ்வளவு பெரிய அலட்சியம்" என்றார் மருமகனைப் பார்த்து. "நர்ஸம்மா, நீங்க போகலாம். உங்க மேல ஒண்ணும் இல்லன்னு எழுதிடலாம். மாப்பிள்ள, இவரை நிறுத்திடு."

தம்பி என்னைப் பார்த்தான். பேசாமல் போய்விடு அக்கா என்று கண்ணாலேயே கெஞ்சினான். பழி ஓரிடம், பாவம் ஓரிடம். நான் வாயை மூடிக்கொண்டு வெளியே போயிருந்தால் அன்றைக்கு எல்லாம் முடிந்திருக்கும். என்னால் முடியவில்லை. நான் அம்மா பேச்சைக் கேட்டு வளர்ந்தவள் இல்லை.

மேஜையைச் சுற்றிக்கொண்டு போய்ப் பெரிய டாக்டரின் மணிக்கட்டைப் பிடித்துவிட்டேன். நாடி பார்க்கிற மாதிரியே பிடித்தேன், அது கைப்பழக்கம். அவர் கையைத் தூக்கிச் சுவர்க் கடிகாரத்துக்கு நேராகக் காட்டினேன்.

"படிங்க சார். உங்க கையில மணி என்ன? உங்க சுவத்துல மணி என்ன? இதுல எது என் தம்பி வெச்சது? காலைல எங்களுக்கு ஒரு நேரம், சாயங்காலம் உங்களுக்கு ஒரு நேரம்! கம்ப்யூட்டரையும் அப்படியே வெக்கச் சொன்னது யாரு? வேண்டாம்னு அவன் சொன்னப்ப முறைச்சது யாரு? சொல்லுங்க சார்!"

"அக்கா, விடுக்கா" என்றான் தம்பி.

"நீ வாய மூடு!"

சின்ன டாக்டர் அப்போதுதான் ஷூவிலிருந்து கண்ணை எடுத்தார். "சார், நான் உத்தரவு போட்ட பிறகுதான் சிஸ்டர் ஊசி எடுத்தாங்க" என்றார் மெல்ல. வந்துவிட்டதய்யா ஞாபகம்!

பெரிய டாக்டர் கையை உருவிக்கொண்டார். கொஞ்ச நேரம் சட்டைக் கையைச் சரி செய்தார். பிறகு, "நேரத்த முன்னாடி வெக்கச் சொன்னேன். எல்லா மெஷின்லயும் ஒரே மாதிரி வெக்கச் சொன்னேன். வார்டை மட்டும் தனியா விடச் சொன்னது நான் இல்லையே" என்றார்.

அதைச் சொன்னது நான். நான் வாயைத் திறப்பதற்குள் தம்பி முந்திக்கொண்டான். "அதுவும் நான்தான் சார். நானா விட்டுட்டேன்."

அவ்வளவுதான். நான் போட்ட கூச்சலில் கிடைத்தது ஒன்றுமில்லை. என் மேல் குற்றமில்லை என்று ஒரு காகிதம், அவனை வேலையிலிருந்து நிறுத்தி ஒரு காகிதம். மாமியார் உடைத்தால் மண்குடம், மருமகள் உடைத்தால் பொன்குடம்.

வராந்தாவில் நான் அடையாள அட்டையைக் கழுத்திலிருந்து பிடுங்கினேன். "இந்த எச்சில் பிழைப்பு எனக்கும் வேண்டாம். வா, போகலாம்."

அவன் அட்டையை என் கையிலிருந்து வாங்கித் திரும்ப என் கழுத்தில் மாட்டினான். இத்தனை வயதில் அவன் என்னை எதிர்த்து நின்றது அப்போதுதான்.

"நீ போகக் கூடாது. போனா, ஏதோ இருந்திருக்கு அதான் போயிட்டாங்கன்னு பேசுவாங்க. நான் தப்பு பண்ணினா வேற மெஷின் குடுத்து, சரியா பண்ணுன்னு சொல்லுவாங்கக்கா. உன் மேல ஒரு தடவை பேச்சு வந்துட்டா யாருக்கா உன்கிட்ட கைய நீட்டுவாங்க?"

"அதுக்காக நீ ஏண்டா அந்த ஆளக் காப்பாத்தின?"

"அவரயா? அவரோட சண்டை போட்டா வருஷக்கணக்குல இழுப்பாரு. அதுவரைக்கும் உன் பேரு நடுவுல தொங்கும். எனக்கு அது இன்னிக்கே முடியணும்."

கன்னத்தில் ஓங்கி ஒன்று வைக்கலாம் போலிருந்தது. அழுகையும் வந்தது. இரண்டையும் அடக்கிக்கொண்டு, "சாப்பிட்டியா?" என்று கேட்டேன். இல்லையென்றான்.

மறுநாள் காலை நான் டியூட்டிக்குப் போனேன். அவன் வரவில்லை. தட்டில் ஊசியை எடுத்துக்கொண்டு முதல் கட்டிலுக்குப் போனேன். லாரி டிரைவர் என்னைப் பார்த்தார். பார்த்துவிட்டுக் கையை மெதுவாகப் போர்வைக்குள் இழுத்துக்கொண்டார். அவர் மனைவி எழுந்து நின்று, "வேற நர்ஸ் யாராவது வரட்டுமேம்மா" என்றாள்.

கோபம் தலைக்கேறியது எனக்கு. ஒரு காகிதம் வாங்கிக் கொடுத்துவிட்டு அவன் வீட்டில் இருக்கிறான், இங்கே அந்தக் காகிதத்தை யார் படித்தார்கள்? கத்தியிருப்பேன். ஆனால் அந்த மனுஷனின் உதட்டில் வீக்கம் இன்னும் முழுசாக வடியவில்லை. ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தேன். எல்லாவற்றையும் சொன்னேன், வார்டு முழுக்கக் கேட்கிற குரலில் சொன்னேன். சுவர்க் கடிகாரம், கைக்கடிகாரம், பேசாத மூன்று ஜாதி மெஷின்கள், அவற்றைப் பேச வைத்தவன், அவனுக்குக் கிடைத்த கூலி. வார்டுக்கு நிஜ நேரம் கேட்டது நான்தான் என்பதையும் சொன்னேன். மாப்பிள்ளை வாசல் வரை வந்து நின்று, பிறகு போய்விட்டார்.

முடிந்த பிறகு டிரைவர், "உங்க தம்பி இப்ப எங்கம்மா?" என்று கேட்டார்.

"வீட்ல உக்காந்திருக்கான்" என்றேன்.

அவர் போர்வைக்குள்ளிருந்து கையை எடுத்து நீட்டினார்.